ரப்பர் நொடி முதல் 2035 வரை: கடிகார நேரம் ஏன் நிலைகொள்ளவில்லை?

2024 ஜூலை 5 அன்று பூமி தன் ஒரு நாள் சுற்றை 24 மணி நேரத்துக்கு 1.66 மில்லிநொடி முன்னதாகவே முடித்தது. அணுக் கடிகாரங்கள் வந்த பிறகு அதுவரை பதிவானவற்றில் மிகக் குறுகிய நாள் அதுதான். 2025 கோடையிலும் "நாள் சுருங்குகிறது" என்று செய்திகள் வந்தன. ஆனால் பூமியின் சுழற்சி மெல்ல மெல்லக் குறைகிறது, அதை ஈடுகட்டத்தான் கடிகாரத்தில் அவ்வப்போது லீப் நொடி என்ற ஒரு கூடுதல் நொடி சேர்க்கிறார்கள் என்றுதான் இத்தனை காலமும் படித்து வந்தோம். போதாததற்கு, 2035-க்குள் லீப் நொடிக்கு முடிவுகட்ட ஒரு சர்வதேசத் தீர்மானம் வேறு இருக்கிறது.

இந்த மூன்று செய்திகளுக்கும் இடையே முரண் எதுவும் இல்லை. ஆனால் அது புரிய, 1961-க்கும் 1971-க்கும் இடையே நடந்ததைத் தெரிந்துகொள்ள வேண்டும். அந்த ஆண்டுகளில் உலகம் முழுவதும் வானொலியில் ஒலித்த நொடியின் நீளத்தையே அவ்வப்போது மாற்றிக்கொண்டிருந்தார்கள். ஏதோ அறிவியல் புனைகதை மாதிரி இருக்கும், அதிகாரபூர்வமாக நடந்ததுதான். அந்தச் சிக்கலை இன்றுவரை யாரும் தீர்க்கவில்லை. ஒருவர் தலையிலிருந்து இறக்கி இன்னொருவர் தலையில் ஏற்றியிருக்கிறார்கள், அவ்வளவுதான்.

## முதலில், மூன்று நேரங்கள்

1. பூமி நேரம் (யூடி1). பூமி எவ்வளவு சுழன்றிருக்கிறது என்பதை வைத்துச் சொல்லும் நேரம். வெவ்வேறு கண்டங்களில் உள்ள வானொலித் தொலைநோக்கிகள் ஒரே குவாசரை (வெகு தொலைவிலுள்ள, அசையாப் புள்ளி போலத் தெரியும் வான்பொருள்) நோக்கித் திரும்புகின்றன. அதன் அலை ஒவ்வொரு தொலைநோக்கிக்கும் வந்து சேரும் நேர வித்தியாசத்திலிருந்து பூமி எந்தக் கோணத்தில் நிற்கிறது என்று கணக்கிடுகிறார்கள்.

2. அணு நேரம் (டிஏஐ). சீசியம்-133 அணுவின் குறிப்பிட்ட ஒரு கதிர்வீச்சு 919 கோடியே 26 லட்சத்து 31 ஆயிரத்து 770 முறை அதிர்வதற்கு ஆகும் காலம் ஒரு நொடி. பல நாடுகளில் ஓடும் நூற்றுக்கணக்கான அணுக் கடிகாரங்களின் சராசரியிலிருந்து இது கிடைக்கிறது. பூமி என்ன செய்தாலும் இது கண்டுகொள்ளாது.

3. நடைமுறை நேரம் (யூடிசி). நம் கைபேசி காட்டுவது இதைத்தான். இதோடு ஐந்தரை மணி நேரம் சேர்த்தால் இந்திய நேரம், இலங்கை நேரம். இதன் ஓட்டம் அணு நேரத்தினுடையது. ஆனால் பூமி நேரத்திலிருந்து 0.9 நொடிக்கு மேல் விலகக் கூடாது என்று ஒரு கட்டுப்பாடு உண்டு.

குழப்பம் முழுக்க மூன்றாவதில்தான். தனித்தனி வேகத்தில் ஓடும் இரண்டு கடிகாரங்களுக்கும் ஒரே நேரத்தில் கட்டுப்பட வேண்டிய நிலை அதற்கு.

## பூமியின் சுழற்சி எதனால் மாறுகிறது?

1. கடல் ஓதங்களின் உராய்வு. நிலவின் ஈர்ப்பால் எழும் ஓதங்கள் சுழற்சிக்குத் தடை போடுகின்றன. இதனால் மட்டும் நாளின் நீளம் நூற்றாண்டுக்கு ஏறத்தாழ 2.3 மில்லிநொடி கூடுகிறது. பூமி இழக்கும் சுழற்சி நிலவுக்குப் போகிறது. நிலவு ஆண்டுக்கு 3.8 சென்டிமீட்டர் விலகுகிறது.

2. பனியுகச் சுமை நீங்கியது. பனிப்பாளங்கள் அழுத்தி வைத்திருந்த துருவப் பகுதி நிலங்கள் இன்னும் மேலே எழும்பிக்கொண்டிருக்கின்றன. நிறை சுழல் அச்சை நோக்கி நகர்வதால் வேகம் சற்றுக் கூடுகிறது. இதையும் சேர்த்துப் பார்த்தால் நிகர மாற்றம் நூற்றாண்டுக்கு 1.7 அல்லது 1.8 மில்லிநொடி.

3. உள்ளகத்தின் போக்கு. திரவ உலோக உள்ளகத்துக்கும் மேலுள்ள பாறை அடுக்குக்கும் இடையே சுழற்சி கைமாறுகிறது. சில பத்தாண்டுகளில் பல மில்லிநொடி வரை ஏறி இறங்க இதுவே காரணம். இதை முன்கூட்டிக் கணிக்க முடியாது. கதையின் வில்லன் இதுதான்.

4. காற்று. பருவந்தோறும் காற்றோட்டம் மாறும்போது நாளின் நீளமும் மாறுகிறது. வட அரைக்கோளத்தின் கோடையில் பூமி சற்று வேகம் பிடிக்கும். "குறுகிய நாள்" செய்திகள் ஜூலை, ஆகஸ்டில் வருவது அதனால்தான். 1982–83 எல் நினோ சமயத்தில் நாள் கிட்டத்தட்ட ஒரு மில்லிநொடி நீண்டது.

5. நிலநடுக்கம். 2004 டிசம்பர் 26 சுமத்ரா நிலநடுக்கம் நாளை 2.68 மைக்ரோநொடி குறைத்திருக்கும் என்பது கணக்கு. அளந்து பார்க்க முடியாத அளவுக்குச் சிறியது. "சுனாமியால் நாள் சுருங்கியது" என்ற செய்தியை அந்த அளவோடு நிறுத்திக்கொள்ளலாம்.

நூற்றாண்டுக்கு 1.7 மில்லிநொடி என்பது அற்பமாகத் தெரியும். ஆனால் காலப்போக்கில் அது எவ்வளவு சேர்கிறது என்பதற்கு பாபிலோனியர்கள் களிமண் பலகையில் சாட்சி எழுதி வைத்திருக்கிறார்கள். கி.மு. 136 ஏப்ரல் 15 அன்று பாபிலோனில் முழுச் சூரிய கிரகணம் தெரிந்தது. பூமி எப்போதும் இன்றைய வேகத்திலேயே சுழன்றிருந்தால் அந்த நிழல் பாபிலோன் பக்கமே வந்திருக்காது. 49 பாகை மேற்கே விழுந்திருக்கும். நேரக் கணக்கில் அது மூன்றேகால் மணி.

## பலரும் இடறும் இடம்

"நூற்றாண்டுக்கே இரண்டு மில்லிநொடிதான் கூடுகிறது என்றால், ஒன்றிரண்டு ஆண்டுக்கு ஒரு முழு நொடி எங்கிருந்து வந்தது?" நியாயமான கேள்வி.

விடை நொடியின் நீளத்தை நிர்ணயித்த விதத்தில் இருக்கிறது. 1960-இல் ஏற்கப்பட்ட வரையறைப்படி, ஒரு நொடி என்பது 1900-ஆம் ஆண்டுக்குரிய பருவ ஆண்டின் (பருவங்கள் ஒரு சுற்று வர ஆகும் காலம்) 31,556,925.9747-இல் ஒரு பங்கு. அந்த எண் வானியலாளர் சைமன் நியூகோம்பின் சூரிய அட்டவணைகளிலிருந்து வந்தது. அட்டவணைகள் 1750 முதல் 1892 வரையிலான நோக்கல்களிலிருந்து வந்தவை. அவற்றின் சராசரிக் காலம் சுமார் 1820. இந்த நொடியைச் சீசியம் அதிர்வுகளாக மாற்றும் வேலையை பிரிட்டனின் டெடிங்டன் ஆய்வகத்தில் 1955-இல் முதல் பயனுள்ள சீசியம் கடிகாரத்தை அமைத்த லூயி எசனும், அமெரிக்கக் கடற்படை வானாய்வகத்தின் வில்லியம் மார்க்கோவிட்சும் 1958-க்குள் செய்து முடித்தார்கள். 919 கோடி என்று தொடங்கும் அந்த எண் அப்படிப் பிறந்தது. 1967-இல் அதுவே நொடியின் வரையறை ஆனது.

ஆக, நாம் அணுவில் பூட்டி வைத்திருப்பது 1820 வாக்கில் இருந்த நாளின் 86,400-இல் ஒரு பங்கை. 1970-களில் உண்மையான நாள் அதைவிட ஏறத்தாழ 3 மில்லிநொடி நீளமாக இருந்தது. கல்லாவில் தினமும் மூன்று ரூபாய் குறைந்தால் ஆண்டு முடிவில் ஆயிரம் ரூபாய்க்கு மேல் துண்டு விழும். தினம் விழும் துண்டு கூடவில்லை என்றாலும் மொத்தம் கூடிக்கொண்டே போகும். 3 மில்லிநொடியை 365 ஆல் பெருக்கினால் 1.1 நொடி. ஆண்டுக்கு ஒரு லீப் நொடி வந்தது இதனால்தானே தவிர, பூமி ஆண்டுக்கு ஒரு நொடி வேகம் குறைந்ததால் அல்ல.

இதே கணக்குத்தான் இன்றைய செய்திகளையும் விளக்குகிறது. உள்ளகத்தின் போக்கால் நாளின் நீளம் இப்போது 86,400 நொடியை ஒட்டியே நிற்கிறது. கோடையில் அதற்குக் கீழேயும் போகிறது. தினம் விழும் துண்டு நின்றுவிட்டதால் 2016-க்குப் பிறகு லீப் நொடியே தேவைப்படவில்லை. நீண்டகால வேகக்குறைவு மாறவில்லை. அதன் மேல் ஒரு குறுகியகால அலை ஏறியிருக்கிறது.

## 1961–1971: நொடி நீண்ட ஆண்டுகள்

அணுக் கடிகாரம் வந்ததும் வானொலி நிலையங்கள் ஒரு இக்கட்டில் மாட்டின. கப்பல்களுக்குப் பூமி நேரம் வேண்டும். ஆய்வகங்களுக்குச் சீரான அதிர்வெண் வேண்டும். ஒலிபரப்பு ஒன்றுதான். 1960 ஜனவரி 1 முதல் பிரிட்டனும் அமெரிக்காவும் தங்கள் நேர சமிக்ஞைகளை ஒருங்கிணைத்தன. அடுத்த ஆண்டு பாரிசில் இருந்த சர்வதேச நேர அலுவலகம் பொறுப்பேற்றது. அவர்கள் கண்ட வழி, நொடியையே இழுப்பது. பின்னாளில் இதற்கு ரப்பர் நொடி என்ற பெயர் ஒட்டிக்கொண்டது.

வேலை நடந்த முறை இது:

1. வரும் ஆண்டில் பூமி எவ்வளவு மெதுவாகச் சுழலும் என்று மதிப்பிட்டு, அதற்கேற்ற ஒரு விலக்க எண்ணை அறிவிப்பார்கள்.
2. ஒவ்வொரு நிலையமும் தன் அலையியற்றியை (ஒலிபரப்பின் அதிர்வை உண்டாக்கும் கருவி) அணு அதிர்வெண்ணைவிட அந்த அளவு குறைத்து ஓட்டும்.
3. மதிப்பீடு பிசகினால், மாதத்தின் முதல் நாளில் கடிகாரத்தை ஒரு துள்ளல் துள்ள வைப்பார்கள். முதலில் 50 மில்லிநொடி, பிறகு 100.

எண்களைப் பாருங்கள். 1961-இல் ஒலிபரப்பான ஒவ்வொரு நொடியும் அணு நொடியைவிட 15 நானோநொடி நீளம். 1962, 63-இல் 13. 1964, 65-இல் மறுபடி 15. 1966 முதல் 1971 முடிய 30. அதாவது நாளொன்றுக்கு 2.592 மில்லிநொடி. இழுத்தும் போதாமல் 1965-இல் மட்டும் ஜனவரி, மார்ச், ஜூலை, செப்டம்பர் என நான்கு துள்ளல்கள். 1968 பிப்ரவரியில் எதிர்த்திசையில் ஒன்று. 1963-இல் எடுத்த ஓர் அளவீட்டையும் 1967-இல் எடுத்ததையும் ஒப்பிட வேண்டுமானால் இந்தப் பட்டியல் கையில் இல்லாமல் முடியாது; பழைய செயற்கைக்கோள் சுற்றுப்பாதைத் தரவுகளைக் கையாள்பவர்கள் இன்றும் இதைப் பயன்படுத்துகிறார்கள்.

இதில் என்ன கெட்டது? நொடியை இழுத்தால் அதிர்வெண்ணும் சரியும். 10 மெகாஹெர்ட்ஸ் என்று அறிவித்த ஒலிபரப்பு 1966-க்குப் பிறகு உண்மையில் 0.3 ஹெர்ட்ஸ் குறைவு. அதை வைத்துத் தன் கருவியைச் சரிபார்த்த ஆய்வகம், அந்த ஆண்டின் விலக்க எண்ணைக் கழிக்க மறந்தால் கருவியே பிழையாகிவிடும். விலக்க எண் மாறும் ஜனவரி 1 அன்று உலகெங்கும் அலையியற்றிகளை ஒரே சமயத்தில் திருத்த வேண்டும். 1967-இல் சீசியம் நொடி சட்டபூர்வமானதும் நிலைமை இன்னும் கேலிக்கூத்தானது: வரையறையில் ஒரு நொடி, வானொலியில் வேறொரு நொடி. அமெரிக்காவின் 60 கிலோஹெர்ட்ஸ் நிலையம் நொடியை இழுக்க மறுத்து, அணு நொடியை அப்படியே வைத்துக்கொண்டு 200 மில்லிநொடித் துள்ளல்களால் சமாளித்தது. கொலராடோவின் ஃபோர்ட் காலின்சில் அதே வளாகத்திலிருந்த சிற்றலை நிலையம் இழுத்த நொடியை ஒலிபரப்பியது. ஒரே வேலிக்குள் இரண்டு நீள நொடிகள்!

1968-இல் எசனும், அமெரிக்கக் கடற்படை வானாய்வகத்தின் கெர்னோட் விங்க்ளரும் தனித்தனியே ஒரே யோசனைக்கு வந்தார்கள்: நொடியை இழுக்க வேண்டாம், தேவைப்படும்போது முழு நொடியாகவே சேர்த்துவிடலாம். 1971 முடிவில் கடைசியாக 0.107758 நொடி என்ற விசித்திரமான துள்ளல் ஒன்று நடந்தது. அணு நேரத்துக்கும் நடைமுறை நேரத்துக்கும் இடைவெளி சரியாக 10 நொடி ஆக வேண்டும் என்பதற்காக. 1972 ஜனவரி 1 முதல் ரப்பர் நொடி ஒழிந்தது.

## லீப் நொடி சேர்க்கும் முறை

1. பூமியின் சுழற்சியைக் கண்காணிக்கும் சர்வதேச சேவை சுமார் ஆறு மாதங்களுக்கு முன்பே அறிவிப்பு வெளியிடும். ஜூன் அல்லது டிசம்பர் கடைசி நாளுக்கே முன்னுரிமை.
2. அன்று யூடிசி நேரம் 23:59:59-க்குப் பிறகு 23:59:60 என்று ஒரு நொடி வரும். அதன் பிறகே 00:00:00.
3. இது உலகம் முழுக்க ஒரே கணத்தில் நடக்கும். சென்னையிலும் யாழ்ப்பாணத்திலும் காலை 5:29:60, சிங்கப்பூரிலும் கோலாலம்பூரிலும் 7:59:60, டோக்கியோவில் 8:59:60. 2015-இல் டோக்கியோ பங்குச் சந்தை ஒன்பது மணிக்குத் திறப்பதற்கு முந்தைய நொடி இதுதான்.

ஏன் 0.9 நொடிக் கட்டுப்பாடு? நிலநடுக்கோட்டில் ஒரு நொடிப் பிழை என்பது தீர்க்கரேகையில் 464 மீட்டர் பிழை. 1972-இல் கப்பல்கள் இன்னும் செக்ஸ்டன்ட் கருவியால் நட்சத்திரம் பார்த்துத்தான் இடம் கண்டன. மிச்சமுள்ள பின்ன நொடியையும் வானொலி தெரிவித்தது: ஒவ்வொரு நிமிடத்தின் முதல் எட்டு நொடிகளில் எத்தனை டிக் ஒலிகள் இரட்டையாகக் கேட்கின்றனவோ அத்தனை பத்தில் ஒரு பங்கு நொடியைக் கூட்ட வேண்டும், 9 முதல் 16 வரையிலான நொடிகளில் இரட்டை ஒலி வந்தால் கழிக்க வேண்டும்.

முதல் லீப் நொடி 1972 ஜூன் 30. 1979 முடிவதற்குள் ஒன்பது. 2016 டிசம்பர் 31 வரை மொத்தம் 27. அணு நேரத்துக்கும் யூடிசிக்கும் இடைவெளி இப்போது 37 நொடி. ஜிபிஎஸ் இந்த விளையாட்டுக்கே வரவில்லை. 1980 ஜனவரி 6 அன்று தொடங்கியதிலிருந்து லீப் நொடி சேர்க்காததால் யூடிசியைவிட 18 நொடி முன்னால் ஓடுகிறது. இந்தியாவின் நாவிக் அமைப்பும் அப்படியே. சீனாவின் பெய்டோ 4 நொடி முன்னால். ரஷ்யாவின் குளோனாஸ் மட்டும் லீப் நொடியோடு சேர்ந்து துள்ளுகிறது. இந்த வேறுபாடு 2035 பேச்சுவார்த்தையில் மறுபடி வரும்.

## கணினிக்குள் நடப்பது

வானொலிக்காரர்களின் சுமை இறங்கியது. அது போய்ச் சேர்ந்தது மென்பொருளில்.

யூனிக்ஸ் என்ற இயங்குதளத்தின் வழிவந்த லினக்ஸ் போன்ற அமைப்புகள் நேரத்தை 1970 ஜனவரி 1 முதல் கடந்த நொடிகளின் எண்ணிக்கையாக வைத்திருக்கின்றன. ஆனால் தரவிதிப்படி ஒவ்வொரு நாளும் சரியாக 86,400 நொடிதான். 23:59:60-க்கு எண்ணே கிடையாது. ஆகவே 2016 டிசம்பர் 31 நள்ளிரவில் லினக்ஸ் 1483228799 என்ற எண்ணை முடித்துவிட்டு, ஒரு நொடி பின்னால் போய் மறுபடியும் 1483228799-ஐ ஓட்டி, பிறகுதான் 1483228800-க்குப் போனது. முதல் முறை .8 நொடியில் நடந்த நிகழ்வும் இரண்டாம் முறை .2 நொடியில் நடந்த நிகழ்வும் பதிவேட்டில் இடம் மாறிவிடும்: பின்னால் நடந்தது முன்னால் நடந்ததாகத் தெரியும்.

இரண்டு நிகழ்வுகளை மட்டும் விரிவாகப் பார்க்கலாம்.

2012, இந்திய நேரப்படி ஜூலை 1 ஞாயிறு காலை 5:30. லினக்ஸின் மையப் பகுதியான கெர்னலில் நேரம் காட்டும் பகுதி வேறு, "இத்தனை மில்லிநொடி கழித்து எழுப்பு" என்ற கோரிக்கைகளைக் கவனிக்கும் டைமர் பகுதி வேறு. லீப் நொடியின்போது முதலாவது ஒரு நொடி பின்னால் போனது. இரண்டாவதுக்கு அந்தத் தகவல் போகவில்லை. டைமர் பகுதி ஒரு நொடி முன்னால் நின்றுவிட்டது. பத்து மில்லிநொடி தூங்கக் கேட்ட நிரலுக்கு "நேரம் தாண்டிவிட்டது, எழுந்திரு" என்று உடனே பதில் வந்தது. அது மறுபடி கேட்டது, மறுபடி உடனே பதில். இந்தச் சுழலில் செயலி நூறு சதவீதத்தில் ஓடியது. ஜாவா, மைஎஸ்கியூஎல் ஓடிய சர்வர்கள் பல இதில் சிக்கின. ரெடிட் தடுமாறியது, குவான்டாஸ் விமான நிறுவனத்தின் பயணிகள் பதிவு முறை நின்றது. ஜெர்மனியின் ஹெட்ஸ்னர் தரவு மையத்தில் மின் நுகர்வு ஏறத்தாழ ஒரு மெகாவாட் எகிறியது. மருந்து சிரிப்பூட்டும் அளவுக்கு எளிது: கணினியில் இருக்கும் தேதியை எடுத்து அதையே மறுபடி அமைத்தால் போதும். டைமர் பகுதிக்குத் தகவல் போய்விடும்.

2017 ஜனவரி 1, இணையத்தளங்களுக்குச் சேவை தரும் கிளவுட்ஃபிளேர் நிறுவனம். இணையப் பெயர்களைத் தேடித் தரும் அவர்களின் கோ மொழி நிரல், ஒரு கேள்விக்கு விடை வர எவ்வளவு நேரம் ஆனது என்பதை முடிவு நேரத்திலிருந்து தொடக்க நேரத்தைக் கழித்துக் கண்டது. கடிகாரம் பின்னால் போனதால் விடை எதிர்மறை எண் ஆனது. அது தற்செயல் எண் தரும் ஒரு செயற்கூறுக்குப் போக, எதிர்மறையை ஏற்காத அந்தச் செயற்கூறு நிரலையே நிறுத்திவிட்டது. நிரலில் இருந்த சோதனை "பூஜ்யமா?" என்று மட்டும் கேட்டது, "பூஜ்யமா, அதற்கும் கீழா?" என்று கேட்க வைத்ததும் சரியானது. ஒரே ஓர் எழுத்துத் திருத்தம்.

இரண்டிலும் பாடம் ஒன்றுதான், ஆனால் நிரலாளர்கள் இன்றும் மறப்பது: கால அளவைக் கணினியின் தேதி, மணி காட்டும் கடிகாரத்தைக் கழித்துக் கணக்கிடக் கூடாது. பின்னோக்கிப் போகாத, எண்ணிக்கை மட்டும் ஏறும் கடிகாரம் எல்லா இயங்குதளங்களிலும் தனியே இருக்கிறது.

## ரப்பர் நொடி திரும்பி வந்த கதை

துள்ளலைத் தாங்க முடியாத பெரிய நிறுவனங்கள் என்ன செய்தன? 1961-இல் செய்ததையே செய்தன.

கூடுதல் நொடியை ஒரு நாள் முழுவதும் பரப்பிவிடும் முறையை கூகுள் கையாள்கிறது. யூடிசி நண்பகல் தொடங்கி மறுநாள் நண்பகல் வரை 86,401 நொடிகளை 86,400 ஆக எண்ணுவார்கள். அமேசானும் அப்படியே. மெட்டா நிறுவனமோ லீப் நொடி முடிந்த பிறகு தொடங்கி 17 மணி நேரம் பரப்பியது. கூகுள் முறையில் ஒவ்வொரு நொடியும் 11.6 மைக்ரோநொடி நீள்கிறது. 1966-இன் ரப்பர் நொடி 0.03 மைக்ரோநொடிதான் நீண்டது. இது அதைவிட 380 மடங்குக்கு மேல் இழுப்பு. அன்று பாரிசிலிருந்து ஓர் அலுவலகம் எல்லாருக்கும் ஒரே எண்ணை அறிவித்தது. இன்று நிறுவனத்துக்கு ஒரு ரப்பர். என்னைக் கேட்டால் இது பழையதைவிட மோசமான ஏற்பாடு.

கலந்து கட்டினால் என்ன ஆகும்? நள்ளிரவுக்குச் சற்று முன் பரப்பும் சர்வர் மற்றவற்றைவிட அரை நொடி பின்தங்கியிருக்கும். லீப் நொடி முடிந்ததும் அரை நொடி முந்தியிருக்கும். இரண்டு வகை நேர சர்வர்களையும் ஒரே கணினியில் சேர்த்து வைத்தால், எது பொய் சொல்கிறது என்று கண்டுபிடிக்க அதற்கு வழியில்லை. ஐரோப்பிய ஒன்றிய விதிப்படி அதிவேகப் பங்கு வர்த்தகக் கணினிகள் யூடிசியிலிருந்து 100 மைக்ரோநொடிக்கு மேல் விலகக் கூடாது. பரப்பும் முறை அங்கே செல்லாது. இந்தியாவில் 2022 ஏப்ரல் 28 தேதியிட்ட செர்ட்-இன் (அரசின் கணினிப் பாதுகாப்பு அமைப்பு) உத்தரவு, நிறுவனங்களின் கணினிகள் தேசியத் தகவலியல் மையம் அல்லது தேசிய இயற்பியல் ஆய்வகத்தின் நேரத்தோடு பொருந்த வேண்டும் என்கிறது. மேகக் கணிமையில் ஓடும் கணினி அந்த மேகச் சேவை நிறுவனத்தின் பரப்பிய நேரத்தை எடுத்துக்கொண்டிருந்தால், லீப் நொடி வரும் நாளில் அது பொருந்தாது.

## இதுவரை வராத ஒன்று

பூமி இப்படியே வேகம் பிடித்தால் ஒரு நொடியைக் கழிக்க வேண்டி வரும்: 23:59:58-க்குப் பிறகு நேரே 00:00:00. இப்படி ஒருமுறைகூட நடந்ததில்லை. நேரம் பரிமாறும் என்டிபி நெறிமுறையில் இதற்கு இடம் உண்டு. இரண்டு பிட் கொண்ட ஒரு குறியீட்டில் 01 என்றால் கடைசி நிமிடத்துக்கு 61 நொடி, 10 என்றால் 59. ஆனால் அந்த 10-ஐ உலகில் யாரும் நிஜத்தில் அனுப்பியதில்லை. 23:59:59-க்கு ஓட வேண்டிய வேலை அன்று ஓடாது. சேர்ப்பதற்கு 27 முறை ஒத்திகை கிடைத்தும் பிழைகள் வந்தன. கழிப்பதற்கு ஒத்திகையே இல்லை.

2024-இல் புவி இயற்பியலாளர் டங்கன் ஆக்னியூ வெளியிட்ட ஆய்வு 2029 வாக்கில் இது தேவைப்படலாம் என்றது. துருவப் பனி உருகி நீர் நிலநடுக்கோட்டுப் பக்கம் பரவுவது சுழற்சியைச் சற்றுத் தடுப்பதால்தான் அந்த ஆண்டு. அது இல்லையென்றால் 2026-லேயே வந்திருக்கும் என்பது அவர் கணக்கு. உள்ளகத்தின் போக்கு மாறினால் இந்த ஆண்டுகளும் மாறும்.

## 2035 தீர்மானம் சொல்வது

2022 நவம்பரில் எடை, அளவைகளுக்கான பொது மாநாடு எடுத்த முடிவைச் செய்திகள் "லீப் நொடி ரத்து" என்று சுருக்கின. தீர்மானத்தில் இருப்பது வேறு.

1. 0.9 நொடி என்ற எல்லையை 2035-க்குள் பெரிதாக்க வேண்டும்.
2. புதிய எல்லை, குறைந்தது ஒரு நூற்றாண்டுக்கு யூடிசி இடையறாமல் ஓட வழிவிட வேண்டும்.
3. அந்த எல்லை எவ்வளவு என்ற முன்மொழிவு 2026-இல் கூடும் மாநாட்டுக்கு வர வேண்டும்.

2023-இல் துபாயில் நடந்த உலக வானொலி மாநாடு இதை ஆதரித்தது. சில அமைப்புகளுக்கு 2040 வரை அவகாசம் தேவைப்படலாம் என்றும் ஒப்புக்கொண்டது. லீப் நொடியை உள்ளுக்குள்ளேயே பிணைத்திருக்கும் குளோனாஸ் போன்றவற்றை மாற்றியமைக்க ஆண்டுகள் பிடிக்கும்.

"அப்படியானால் சூரியனுக்கும் கடிகாரத்துக்கும் தொடர்பு அறுந்துவிடுமா?" நூறு ஆண்டில் சேரக்கூடியது ஏறத்தாழ ஒரு நிமிடம். இந்திய நேரம் 82.5 பாகைத் தீர்க்கரேகைக்கு உரியது, சென்னை 80.27 பாகையில் இருப்பதால் சூரியன் இப்போதே கடிகாரத்துக்குச் சராசரியாக 9 நிமிடம் பின்தங்கித்தான் உச்சிக்கு வருகிறது. பூமியின் அச்சு சாய்ந்திருப்பதாலும் சுற்றுப்பாதை நீள்வட்டம் என்பதாலும் ஆண்டுக்குள் 16 நிமிடம் வரை முன்பின் ஆவது தனி. ஒரு நிமிடத்தை அன்றாட வாழ்வில் யாரும் உணரப்போவதில்லை.

உணரப்போவது தொலைநோக்கிகள். வானம் ஒரு நொடிக்கு 15 வில்நொடி (ஒரு பாகையின் 3,600-இல் ஒரு பங்கே ஒரு வில்நொடி) நகர்கிறது. காவலூர் வானாய்வகத்தில் உள்ளது போன்ற ஒரு தொலைநோக்கியின் மென்பொருள், யூடிசியும் பூமி நேரமும் ஒன்றே என்று எடுத்துக்கொண்டிருந்தால் இன்று சின்னப் பிசகோடு தப்பிக்கும். வேறுபாடு பத்து நொடி ஆனால் 150 வில்நொடி விலகும். தேடிய நட்சத்திரம் பார்வைப் பரப்பிலேயே இல்லாமல் போகலாம். பூமி நேரத் திருத்தத்தை வெளியிலிருந்து வாங்கிக் கொள்ளும்படி நிரலை மாற்ற வேண்டும். அந்தத் திருத்த எண்ணுக்குப் பல பழைய நிரல்களில் ஓர் இலக்கம்தான் ஒதுக்கியிருப்பார்கள், ஒரு நொடியைத் தாண்டவே தாண்டாது என்ற நம்பிக்கையில். வானொலியின் இரட்டை டிக் முறையும் 0.8 நொடிக்கு மேல் சொல்ல முடியாத அமைப்பு.

அதுவரை சர்வர் பார்ப்பவர்கள் கவனிக்க வேண்டியவை:

1. உங்கள் நேர சர்வர்கள் துள்ளுபவையா பரப்புபவையா என்று கண்டறியுங்கள். எதுவானாலும் ஒரே வகையாக வையுங்கள்.
2. லீப் நொடிப் பட்டியல் கோப்புக்குக் காலாவதி தேதி உண்டு. புதிய லீப் நொடி இல்லாவிட்டாலும் அதைப் புதுப்பிக்க வேண்டும்.
3. ஜிபிஎஸ் வழியாக நேரம் எடுக்கும் கருவி 18 நொடியைக் கழிக்கிறதா என்று சரிபாருங்கள். மின்சாரம் போய் வந்ததும் சில கருவிகள் அந்தத் தகவல் செயற்கைக்கோளிலிருந்து வரும் வரை பழைய எண்ணையே காட்டும். தகவல் ஒரு சுற்று வர 12.5 நிமிடம் ஆகும்.
4. சோதனைக் கணினியில் 59 நொடி நிமிடத்தை ஒருமுறை ஓட்டிப் பாருங்கள். 2035-க்கு முன் அது வந்தால் அறிவிப்புக்கும் நிகழ்வுக்கும் இடையே ஆறு மாதம்தான் கிடைக்கும்.